நாடியின் பெயர் கொண்ட அழுத்தமானி

பரிசோதனை அறையில் என் எதிரே உள்ள முக்காலியில் அமர்ந்து, சட்டைக் கையைச் சுருட்டி மேலேற்றிக்கொண்டு, புஜத்தில் பட்டை இறுகுவதையும் தளர்வதையும் மூச்சடக்கிப் பார்த்திருந்துவிட்டு, காற்று முழுதும் வெளியேறிய கணத்தில் நோயாளி கேட்கிற கேள்வி ஒன்றுதான்: “பி.பி. இருக்கா சார்?” தெலுங்கு பேசுகிறவராயின், “பி.பி. உந்தா சார்?” சத்தியவேட்டில் இவ்விரண்டும் ஒரே காலைப்பொழுதில் மாறி மாறி ஒலிக்கும். 1960-ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் தேதி எல்லைகள் திருத்தியமைக்கப்பட்டபோது, திருத்தணி முதலிய பகுதிகள் சென்னை ராஜ்யத்துக்கு வந்ததற்கு எதிரீடாகச் செங்கற்பட்டு ஜில்லாவிலிருந்து சித்தூர் ஜில்லாவுக்குச் சென்ற ஊர்களில் எங்கள் ஊரும் ஒன்று. 2022-இல் திருப்பதி மாவட்டம் பிறந்தபோது மீண்டும் ஒரு முறை விலாசம் மாறிற்று. விலாசம் எத்தனை முறை மாறினாலும் பாஷைகள் இரண்டும் இடம்பெயரவில்லை. ஒரே வீட்டில் மாமியார் தமிழிலும் மருமகள் தெலுங்கிலும் தம் நோயைச் சொல்லுகிற இந்த எல்லைப்புறத்தில், இருவருக்கும் பொதுவாய் அமைந்துவிட்ட சொற்களில் தலையாயது இந்த ‘பி.பி.’ என்னும் இரண்டெழுத்து.

அந்த இரண்டெழுத்தைப் பற்றியே இவ்விதழில் வாசகர்களோடு பேச விரும்புகிறேன். ஏனெனில், மேஜைமேல் இருக்கும் கருவியையும் பி.பி. என்கிறோம், அக்கருவி அளந்து காட்டும் அழுத்தத்தையும் பி.பி. என்கிறோம், அவ்வழுத்தம் வரம்பு மீறுவதால் விளையும் நோயையும் பி.பி. என்றே சொல்லிவிடுகிறோம். ‘பி.பி.யை எடுத்து வா’ என்றால் கருவி, ‘பி.பி. எவ்வளவு’ என்றால் அளவு, ‘அவருக்குப் பி.பி. உண்டு’ என்றால் வியாதி. மூன்று வேறு பொருள்களுக்கு ஒரே பெயர் இருப்பதனால் நமக்குள் குழப்பம் நேர்வதில்லை. சந்தர்ப்பத்தைக்கொண்டு நாம் பொருளைப் பிரித்தறிந்துகொள்கிறோம். முக்காலியில் அமர்ந்திருப்பவருக்கோ அந்தப் பயிற்சி இல்லை.

கருவிக்குச் சாஸ்திரத்தில் வழங்கும் பெயர் ஸ்ஃபிக்மோமானோமீட்டர். மருத்துவக் கல்லூரியின் முதல் வருஷங்களில் நாவு இடறாமல் இதைச் சொன்ன மாணவர் எவரும் இருந்திருக்கமாட்டார். சொல்லப் பழகியபின் இதன் பொருளை எண்ணிப் பார்த்தவரும் சிலரே. ‘ஸ்ஃபிக்மோஸ்’ என்பது கிரேக்கத்தில் நாடித்துடிப்பு. ‘மானோஸ்’ என்றால் நெருக்கமின்மை, ஐதாயிருத்தல். ‘மெட்ரான்’ அளவு. பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாரிஞோன் என்னும் பிரெஞ்சுக் கணித அறிஞர், காற்று எவ்வளவு ஐதாக இருக்கிறது என்பதை அறியும் கருவிக்கு மானோமீட்டர் என்று பெயரிட்டார்; வாயுக்களின் அழுத்தத்தை அளக்கும் கருவிகள் அனைத்துக்கும் பின்னர் அதுவே பொதுப்பெயராயிற்று. ஆகவே, நம் மேஜைமேல் இருக்கும் கருவியின் பெயரை எழுத்தெழுத்தாகப் பிரித்தால் ‘நாடியின் ஐதளவி’ என்பதுபோல ஏதோ கிடைக்குமேயன்றி, இரத்தம் என்ற சொல்லோ அழுத்தம் என்ற சொல்லோ அதனுள் எங்கும் இல்லை.

இதைக் கண்டு அப்பெயர் பிழையானது என்று ஒதுக்கிவிடுவது எளிது. நானும் நெடுநாள் அப்படித்தான் எண்ணியிருந்தேன். சரித்திரத்தைப் படித்தபிறகு அந்த அபிப்பிராயம் மாறிற்று. இங்கிலாந்தில் ஸ்டீபன் ஹேல்ஸ் என்னும் பாதிரியார் ஒரு குதிரையின் தமனியில் கண்ணாடிக்குழாயைப் பொருத்தி, அதனுள் இரத்தம் எட்டடி மூன்றங்குல உயரம் எழும்பியதைக் கண்டு 1733-இல் வெளியிட்டார். அத்தனை நீளக் குழாயோடு எந்த மனிதனையும் நெருங்க முடியாது. 1828-இல் புவாசேய் என்னும் அறிஞர், நீரினும் பதின்மூன்று மடங்குக்கு மேல் கனமான பாதரசத்தைக் குழாயில் இட்டு அந்த உயரத்தைக் கைக்கடக்கமாக்கினார். இன்றுவரை நாம் எழுதிவரும் ‘மில்லிமீட்டர் பாதரசம்’ என்ற அலகு அங்கிருந்து வந்தது. இருந்தும் தமனியை அறுத்தாலன்றி அளக்க வழியில்லை என்ற நிலை நீடித்தது. வியன்னாவின் ஃபான் பாஷ் 1881-இல் நீர் நிறைந்த சிறு குமிழ் ஒன்றை மணிக்கட்டின் நாடிமேல் வைத்து அழுத்தி, துடிப்பு எந்த அழுத்தத்தில் நிற்கிறது என்று பார்த்தார். டூரினில் ரீவா-ரோச்சி 1896-இல் சைக்கிள் டயரின் உட்குழாயைப் போன்ற ரப்பர்க் குழாயைப் புஜத்தைச் சுற்றிக் கட்டிக் காற்றடித்து, மணிக்கட்டில் விரலை வைத்துக்கொண்டு, நாடி மறையும் புள்ளியையும் மீண்டும் தோன்றும் புள்ளியையும் பாதரசத்தின் உயரத்தால் குறித்தார். அவர் கட்டிய பட்டை ஐந்து சென்டிமீட்டர் அகலமே உடையதாதலால் அளவு மிகையாகவே காட்டிற்று. 1901-இல் ஃபான் ரெக்லிங்ஹாஸன் அதை அகலமாக்கினார். பருத்த புஜத்துக்கு ஒடுங்கிய பட்டையைக் கட்டி, இல்லாத நோயை உண்டென்று எழுதிவிடும் தவறு இன்றும் நம்மிடையே தொடர்வதால் இதை இங்கே குறிப்பிடலானேன்.

ஆக, அழுத்தத்தை அளப்பதற்கு அக்காலத்தில் இருந்த ஒரே சாட்சி நாடி. நாடியைத் தொட்டுக்கொண்டிருக்கும் விரல்தான் கருவியின் பிரதான அங்கம். பாதரசமும் ரப்பரும் அதற்குத் துணை. பெயர் அதைத்தான் சொல்கிறது. 1905-இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் ராணுவ மருத்துவக் கழகத்தில் கொரோட்காஃப் என்னும் இளம் அறுவை மருத்துவர், முழங்கையின் உட்புறத்தில் ஸ்டெதஸ்கோப்பை வைத்துக் கேட்டால் ஒலி தோன்றும் புள்ளி மேலழுத்தத்தையும் மறையும் புள்ளி கீழழுத்தத்தையும் காட்டும் என்று மிகச் சுருக்கமான ஓர் அறிக்கையில் கூறினார். அன்றிலிருந்து சாட்சி விரலிலிருந்து செவிக்கு மாறிற்று. பெயர் மட்டும் விரலின் காலத்தியதாகவே நின்றுவிட்டது.

அப்படி நின்றது நன்மையே என்பேன். முதலில் நாடியைத் தொட்டுக்கொண்டு காற்றடித்து, துடிப்பு மறைந்த இடத்துக்கு மேல் முப்பது மில்லிமீட்டர்வரை ஏற்றி, அதன்பிறகே ஸ்டெதஸ்கோப்பை வைத்துக் காற்றை இறக்க வேண்டும் என்பது நம் அனைவருக்கும் கற்பிக்கப்பட்ட முறை. சிலருக்கு, முக்கியமாக நெடுநாள் மிகையழுத்தம் உள்ள முதியோருக்கு, ஒலி தோன்றிச் சற்று இறங்கியதும் மௌனமாகிப் பின்னர் மீண்டும் ஒலிக்கும் வழக்கம் உண்டு; விரலை வைக்காமல் குறைவாகக் காற்றேற்றியவர் அந்த மௌனத்தின் நடுவே தொடங்கிவிட்டு, இருநூறு இருக்கும் இடத்தில் நூற்றைம்பது என்று எழுதி அனுப்பிவிடுவார். புறநோயாளிக் கூட்டம் மிகுந்த நாளில் நாம் முதலில் விட்டுவிடுகிற படி இதுதான். இப்போது, பாதரசப் பயன்பாட்டைக் கட்டுப்படுத்தும் மினமாட்டா உடன்படிக்கை 2017-இல் அமலுக்கு வந்தபின் பாதரசக் கருவிகள் விடைபெற்று வருகின்றன. அவற்றின் இடத்தில் அமர்ந்துள்ள எலெக்ட்ரானிக் கருவிகள், பட்டைக்குள் எழும் அதிர்வுகளைக்கொண்டு கணக்கிட்டு எண்களைத் தருகின்றன. நாடி ஒழுங்கு தப்பி ஓடுகிறவரிடத்தில் அக்கணக்கு நம்பத்தக்கதன்று. விரலை வைத்தவருக்கு அந்த ஒழுங்கின்மை ஒரு நிமிஷத்தில் தெரியும். பொத்தானை அழுத்திவிட்டு அடுத்த சீட்டை எழுதுகிறவருக்குத் தெரிய வழியில்லை. தலைமுறை தலைமுறையாக வைத்தியரைக் கண்டதும் மணிக்கட்டை நீட்டிப் பழகிய ஜனங்கள் நம் ஜனங்கள். அவர்கள் நீட்டும் கையைத் தொடாமலே அளவெடுத்து அனுப்புவது அவர்களுக்கும் குறை, நம் கருவியின் பெயருக்கும் குறை.

தமிழ்ப் பெயருக்கு வருகிறேன். யாழ்ப்பாணத்து மானிப்பாயில் 1848 முதல் வைத்தியம் கற்பித்த டாக்டர் சாமுவேல் ஃபிஸ்க் கிறீன், மேனாட்டு மருத்துவ நூல்களைத் தமிழாக்கத் துணிந்தபோது, தமிழில் சொல் உண்டா என்று முதலில் தேடி, இல்லையேல் வடமொழியை நாடி, அங்கும் அமையாதபோதே ஆங்கிலச் சொல்லைத் தமிழொலிக்கு இசைவித்து எடுத்துக்கொண்டார். அங்காதிபாதம், சுகரணம், இரணவைத்தியம், கெமிஸ்தம் என்று அவர் வழங்கிய பெயர்களில் அந்த வரிசை முழுதும் தெரிகிறது. 1884-இல் அவர் காலமானார்; ரீவா-ரோச்சியின் கருவி பிறக்க இன்னும் பன்னிரண்டு ஆண்டுகள் இருந்தன. ஆதலால் இதற்கு அவர் கையால் ஒரு பெயர் நமக்குக் கிடைக்காமற் போயிற்று. பிற்காலத்தார் ‘மானம்’ என்னும் வடசொல்லிலிருந்து ‘மானி’ என்ற ஈற்றை வகுத்து, வெப்பமானி, காற்றழுத்தமானி என்ற வரிசையிலேயே இரத்த அழுத்தமானி என்று இதற்கும் பெயர் வைத்தார்கள். கிரேக்கப் பெயர் அளக்கும் வழியைச் சொல்ல, தமிழ்ப் பெயர் அளக்கப்படும் பொருளைச் சொல்கிறது. பத்தாம் வகுப்புப் படித்த நோயாளிக்கு ஸ்ஃபிக்மோமானோமீட்டர் வெறும் ஓசை. அழுத்தமானி என்றால் ஏதோ அழுத்தத்தை அளக்கிறார்கள் என்றாவது விளங்கும். பாடநூலில் இவ்வளவு தெளிவாய் இருக்கும் ஒரு சொல் நம் அறைகளுக்குள் நுழையவில்லை என்பதே என் வருத்தம்.

நோய்க்கு வழங்கிய பழைய பெயர் ‘இரத்தக் கொதிப்பு’. இச்சொல் செய்த கேடு கொஞ்சமன்று. கொதிப்பது சூட்டினால் அல்லவா? ஆகையால் மோரும் இளநீரும் குடித்து உடம்பைக் குளிர்வித்தால் தணியும் என்றும், கோபக்காரருக்கு வருமேயன்றிச் சாந்தமானவருக்கு வராது என்றும் ஜனங்கள் எண்ணிக்கொண்டார்கள். அந்த மோரில் ஒரு கை உப்பையும் போட்டுக் குடித்தார்கள். தெலுங்கில் வழங்கும் ‘ரக்தபோட்டு’ இதைவிட அழகிய சொல். கடல் ஏறி இறங்குவதை ‘ஆட்டுபோட்டு’ என்பார்கள்; போட்டு என்பது ஏற்றம், எழுச்சி. இரத்தம் அலையலையாய் எழுந்து நாளத்தின் சுவரை மோதுவதை இதனினும் நன்றாய் ஒரு சொல்லில் அடக்க இயலாது. ஆனால் அதே சொல் நோவையும் குறிக்கும். தலைவலிக்குத் தெலுங்கில் ‘தலபோட்டு’ என்றும் பெயருண்டு. தலைநோவு இல்லாதவரை தமக்கு ரக்தபோட்டு இல்லை என்று உறுதியாய்ச் சொல்லும் பெரியவர்களை நான் எத்தனையோ முறை கண்டிருக்கிறேன். பெரும்பாலோரிடம் எவ்வித நோவும் காட்டாமலே இந்நோய் வளர்கிறது என்பதை அவர்களுக்குச் சொல்லிப் புரியவைப்பதற்குள் அந்தச் சொல்லோடு மல்லுக்கு நிற்க வேண்டியிருக்கிறது.

இவ்விரண்டு சொற்களையும் ஒதுக்கிவிட்டுத்தான் ஜனங்கள் ‘பி.பி.’யிடம் வந்தார்கள். அது ஏற்படுத்திய தீங்கை என் கையாலேயே செய்தவன் என்ற முறையில் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பல வருஷங்களுக்கு முன், ஆறு மாதமாய் ஒழுங்காக மாத்திரை உண்டு வந்த ஓர் அம்மாளுக்கு அளவெடுத்தேன். 128-க்கு 82 இருந்தது. மகிழ்ச்சியோடு, “பி.பி. இல்லம்மா, நல்லா இருக்கு” என்று சொல்லி அனுப்பினேன். அந்த வருஷம் முடிவதற்குள் வலது கையும் காலும் விழுந்து, வாய் கோணி, பேச்சிழந்து, அவரைக் கட்டிலோடு தூக்கி வந்தார்கள். மாத்திரையைப் பற்றி நான் கேட்டதற்கு மகள் சொன்னாள்: “பி.பி. இல்லன்னு நீங்கதானே சார் சொன்னீங்க? அதான் அம்மா நிறுத்திட்டாங்க.” அவள் குரலில் குற்றச்சாட்டு இருக்கவில்லை, நான் மறந்துவிட்டேனோ என்று நினைவூட்டுகிறவள்போலத்தான் சொன்னாள். நான் அளவைச் சொன்னேன். அவர்கள் வியாதியைக் கேட்டார்கள். ஒரே பெயர் இரண்டுக்கும் இருந்தது.

அன்று முதல் ‘இருக்கிறது’, ‘இல்லை’ என்னும் இரு வினைகளையும் அந்தக் கேள்விக்கு விடையாக நான் பிரயோகிப்பதில்லை. அழுத்தம் இல்லாத மனிதன் உயிரோடு இல்லை. ஆதலால் ‘அழுத்தம் இல்லை’ என்பது எவரிடத்திலும் உண்மையாக முடியாத வாக்கியம். கருவியை அழுத்தமானி என்றும், எண்ணை இன்றைய அழுத்தம் என்றும், 140-க்கு 90 என்ற வரம்பைத் தொடர்ந்து எட்டியோ தாண்டியோ நிற்கும் வியாதியை மிகையழுத்தம் என்றும் மூன்றாகப் பிரித்துச் சொல்ல நாம் பழகிக்கொண்டால், ஜனங்களும் நாளடைவில் பழகிக்கொள்வார்கள். சர்க்கரையையும் சர்க்கரை நோயையும் பிரித்துப் பேச அவர்கள் நம்மிடமிருந்து கற்றுக்கொண்டவர்கள்தாமே. பி.பி. என்ற சொல்லை எவர் வாயிலிருந்தும் பிடுங்க வேண்டும் என்பது என் கருத்தன்று. நோயாளி அதைச் சொல்லட்டும். விடை மட்டும் நம் சொல்லில் இருக்க வேண்டும்.

முப்பது வயது கடந்தவர்களின் அழுத்தத்தை அளப்பதற்காக வீடு வீடாகவும் ஊர் ஊராகவும் செல்கிற செவிலியரும் ஏ.என்.எம். சகோதரிகளும், அவர்களுக்கு முன் வாசற்படி ஏறுகிற ஆஷா ஊழியர்களும் இவ்விதழின் வாசகர்களில் பெரும்பாலோர் என்பதை மனத்திற்கொண்டே இதை எழுதுகிறேன். பட்டையைக் கட்டுமுன் நாடியை ஒரு நிமிஷம் தொடுங்கள். பட்டையை அவிழ்த்தபின் எண்ணைச் சீட்டில் எழுதி, வாயாலும் சொல்லுங்கள். மாத்திரை உண்பவராயின், “மாத்திரையால்தான் இந்த அளவில் நிற்கிறது, நிறுத்தாதீர்கள்” என்று தமிழிலும், “அதுபுலோ உந்தி, மாத்ரலு ஆபகண்டி” என்று தெலுங்கிலும், அவர் திருப்பிச் சொல்லும்வரை சொல்லுங்கள். நாளைக் காலையில் உங்கள் முன் அமரும் முதல் நோயாளியிடமே இதைத் தொடங்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.