தவிட்டுக்கு வாங்கிய பெயர்

என் இனிஷியல் கு. அந்த ஒற்றை எழுத்தோடு எட்டாம் வகுப்பு வரைக்கும் நிம்மதியாகத்தான் இருந்தேன். ஒன்பதாம் வகுப்பில் ஏதோ ஒரு படிவத்துக்காக வாத்தியார் அப்பா பெயரோடு சேர்த்து முழுசாக வாசித்தார். குப்புசாமி என்று அவர் சொல்லி வாய் மூடுவதற்குள் பின்வரிசையிலிருந்து ஒருத்தன் "குப்பைசாமி" என்றான். ஒரு வாரத்தில் சாமியும் உதிர்ந்து, பள்ளி முடியும் வரை நான் வெறும் குப்பை.

வாத்தியார் வாசித்த அன்று சாயங்காலம் ஆயாவிடம் சண்டைக்குப் போனேன். "உன் புள்ளைக்கு வேற பேரே கெடைக்கலயா?" சுண்ணாம்பு தடவிக்கொண்டிருந்த வெற்றிலையை மடியில் வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "அந்தப் பேர வெச்சதாலதான்டா அவன் தங்குனான். அவன் தங்கலன்னா நீ ஏது?"

அப்பாவுக்கு முன்னால் இரண்டு பிள்ளைகள் பிறந்து தங்கவில்லை. செத்துப்போனது என்று எங்கள் பக்கத்தில் சொல்ல மாட்டார்கள்; தங்கலை என்பார்கள், விருந்தாளி அவசரமாகக் கிளம்பிப் போனதைப் போல. மூன்றாவதாக அப்பா பிறந்ததும், குளிப்பாட்டி, ஒரு பழைய முறத்தில் கந்தல் விரித்துப் படுக்கவைத்து, மாட்டுக்கொட்டகைக்குப் பின்னால் இருந்த குப்பைமேட்டில் கொண்டுபோய் விட்டார்கள். முறத்தோடு பிள்ளையை எடுத்துக்கொண்டு பக்கத்து வீட்டு அம்மா வாசலில் வந்து நின்றாள். "குப்பையில ஒரு புள்ள கெடந்துது. வேணுமா?" ஆயா உள்ளே போய்த் தவிடு அள்ளி வந்து கொடுத்துப் பிள்ளையை வாங்கிக்கொண்டாள். மாட்டுக்கு வைத்திருந்த தவிடு. வியாபாரம் முடிந்தது.

வந்த எமனோ காத்து கருப்போ விசாரித்தால் சொல்லப் பதில் தயார்: இது பெத்த பிள்ளை இல்லை, பொறுக்கின பிள்ளை. இதைக் கொண்டுபோய் என்ன செய்யப் போகிறாய்? ஊரே சேர்ந்து சொன்ன பொய் அது. பெயர் அந்தப் பொய்க்கு எழுதிக்கொடுத்த ரசீது.

"உன்னைத் தவிட்டுக்குத்தான் வாங்கினோம்" என்று பெரியவர்கள் அழவைக்காத தமிழ்க் குழந்தை அநேகமாக இருக்காது. உண்மையிலேயே அப்படி ஒரு கொடுக்கல் வாங்கல் நடந்தது என்பது கேலி செய்கிறவர்களிலேயே பலருக்குத் தெரியாது.

குப்பன், குப்பம்மாள், குப்பாயி எல்லாம் இந்த வழியில் வந்தவர்கள். பிறந்ததும் மூக்கைக் குத்தி, பிள்ளை மூளியானது என்று காட்டி மூக்கன், மூக்காயி, மூக்கையா என்று பேர் வைத்தவர்கள் உண்டு. அடைக்கலம் என்ற பெயரும் கிட்டத்தட்ட இந்தக் கதைதான்: பிள்ளையைச் சாமியிடம் ஒப்படைத்தாயிற்று, இனி அது அவர் பொறுப்பு. எனக்குப் பிடித்தது பிச்சை. அதற்கு மதமே கிடையாது. பிச்சைமுத்து இருக்கிறார், நாகூர் பிச்சை இருக்கிறார், தேவபிச்சை இருக்கிறார். (பிச்சாண்டியை இந்தக் கூட்டத்தில் சேர்க்காதீர்கள், அவர் கபாலம் ஏந்திய சிவன்.) கூகுளின் தலைமைப் பொறுப்பில் இருக்கும் சுந்தர் பிச்சையின் பெயரில் பின்னால் வருவது அப்பாவின் பெயர். உலகம் அதைக் குடும்பப் பெயராக வாசித்துக்கொண்டு போகிறது, அந்தச் சொல் யாரையும் உறுத்துவதில்லை. உறுத்துவது நமக்குத்தான்.

வங்காளத்திலும் இதே வியாபாரம் நடந்திருக்கிறது. அங்கே சோழி கொடுத்து வாங்குவார்கள். தீன்கொடி, பாஞ்ச்கொடி என்ற பெயர்கள் மூன்று சோழியையும் ஐந்து சோழியையும் குறிப்பவை. 1889இல் மிட்னாபூர் பக்கம் ஒரு வீட்டில், முன்பிறந்த இரண்டு ஆண் பிள்ளைகளும் தங்காததால், மூன்றாவது பையனை மூத்த அக்கா மூன்று கைப்பிடி நொய் கொடுத்து வாங்கினாள். வங்காள மொழியில் நொய்க்குக் குத் என்று பெயர். அதனால் அவன் குதிராம். எமனை ஏமாற்றி வாங்கிய அந்தப் பிள்ளையை 1908 ஆகஸ்ட் 11 அன்று முசாபர்பூர் சிறையில் பிரிட்டிஷ் அரசு தூக்கில் போட்டது. குதிராம் போஸுக்கு அப்போது 18 வயது.

இந்தப் பெயர்கள் இப்போது வைக்கப்படுவதில்லை. நாகரிகம் வந்துவிட்டது என்று சொல்பவர்களை நான் நம்ப மாட்டேன். 1951இல் இந்தியாவில் உயிரோடு பிறந்த 1000 குழந்தைகளில் 146 ஒரு வயதைத் தாண்டவில்லை. ஏழில் ஒன்று. 2020இல் தமிழ்நாட்டில் அது 13. தடுப்பூசியும் ஆஸ்பத்திரிப் பிரசவமும் கிராமச் செவிலியரும் வந்த பிறகு எமனிடம் பொய் சொல்ல வேண்டிய அவசியம் குறைந்தது. குப்புசாமிகளை ஒழித்தது வெட்கம் அல்ல, ஊசி.

இதோடு சேர்த்து இன்னொரு வகைப் பெயரையும் பேசுவார்கள்: வேண்டாம், போதும்பொண்ணு. மூன்றாவதோ நான்காவதோ பெண்ணாகப் பிறந்தால், அடுத்ததாவது ஆணாகட்டும் என்று வைப்பது. கச்சேரியை முடிக்கிற மாதிரி மங்களம் என்று மரியாதையாகச் சொன்ன வீடுகளும் உண்டு. கிராமத்துப் பழக்கம் என்று குப்பையையும் வேண்டாமையும் ஒரே மூட்டையில் கட்டுவதை நான் ஒப்புக்கொள்வதில்லை. குப்பை என்று வாயால் சொன்னவள் மனசுக்குள் போகாதே போகாதே என்று கெஞ்சிக்கொண்டிருந்தாள். வேண்டாம் என்று சொன்னவர்கள் வேண்டாம் என்றுதான் நினைத்தார்கள். அந்தப் பெயரை ஆயுள் முழுக்க வருகைப் பதிவேட்டில் கேட்டு "உள்ளேன் ஐயா" சொல்ல வேண்டியவள் அந்தப் பெண். அதை அரசிதழில் விளம்பரம் கொடுத்து மாற்றிக்கொள்கிறவர்களுக்கு என் முழு ஆதரவு.

நானும் ஒரு தடவை அந்த விண்ணப்பத்தை வாங்கி வந்தேன், குப்புசாமியை குமாரசாமி ஆக்க முடியுமா என்று பார்க்க. அப்பா பெயரை மகன் மாற்ற முடியாது என்று கவுண்டரில் இருந்தவர் சிரித்தார். இனிஷியலுக்குள் ஒளிந்துகொள்வதைத் தவிர வழியில்லை.

வெளிநாடு போன என் தம்பிக்கு அந்த வசதியும் இல்லை. 1929 செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டிலிருந்து பெயரிலிருந்து சாதி வாலை நறுக்கிக்கொண்டு வந்த ஊர் நம்முடையது. அதனால் படிவத்தில் குடும்பப் பெயர் என்ற கட்டத்தைப் பார்த்தால் கை நிற்கும். பாஸ்போர்ட்டில் அவன் அப்பா பெயரை அதில் எழுதினான், மெல்பர்ன் போனான், அங்கே பிறந்த மகளுக்கும் அதுவே ஒட்டிக்கொண்டது. மொரிஷியஸுக்கும் நேட்டாலுக்கும் ஒப்பந்தக் கூலியாகக் கப்பலேறியவர்களுக்கு நடந்ததும் இதுதான். முனுசாமி, வீராசாமி, குப்புசாமி என்று யாரோ ஒரு தாத்தாவின் சொந்தப் பெயர் உறைந்துபோய், இன்று அங்கே குடும்பப் பெயர். இங்கே இரண்டு தலைமுறையில் ஓர் எழுத்தாகச் சுருங்கி மறைந்திருக்க வேண்டிய என் அப்பா, அங்கே ஒரு பத்து வயதுப் பெண்ணின் புத்தகப் பையில் முழுசாக எழுதப்பட்டிருக்கிறார்.

போன மாதம் அவள் வீடியோ காலில் வந்தாள். "பெரியப்பா, குப்புசாமின்னா என்ன மீனிங்? ஸ்கூல்ல கேட்டாங்க." தம்பி பின்னாலிருந்து, ஏதாவது நல்லதாகச் சொல்லு என்று சைகை காட்டினான். நான் முறத்திலிருந்து ஆரம்பித்தேன். குப்பைமேடு, பக்கத்து வீட்டு அம்மா, எதையும் விடவில்லை. அவள் முகம் சுளிக்கவில்லை. தவிடு என்றால் என்ன என்று கேட்டாள், சொன்னேன். அப்புறம், "எவ்ளோ தவிடு குடுத்தாங்க?" என்றாள்.

உழக்கா, படியா, இரண்டு கையாலும் அள்ளியதா. ஆயாவிடம் சண்டை போட்ட அன்றைக்கு அதைக் கேட்டிருக்கலாம்.