ஹார்மோன் ஊசியும் ஆறரை ரூபாயும்

ரொம்ப நாளா எழுதணும்னு நெனச்சு, ஆபீஸ்ல ஆணி அதிகம்ங்கிற சாக்குல தள்ளிப்போட்டுட்டே வந்த மேட்டர் இது. போன தடவை ஊருக்குப் போயிட்டு வந்ததுல இருந்து உறுத்திக்கிட்டே இருக்கு. அதனால கொஞ்சம் காரமா இருக்கும். பொறுத்துக்கோங்க.

பொதிகையில ராஜபாளையம் வந்து இறங்கின மறுநாள் ஞாயித்துக்கிழமை. காலையில கறிக்கடைக்கு மாமாவும் நானும் போனோம். பஞ்சு மார்க்கெட் பக்கம் வழக்கமா வாங்குற கடை. கூட்டம் வரிசையைத் தாண்டி ரோட்டுக்கு வந்திருந்தது. என் முன்னாடி நின்ன பெரியவர் ஒருத்தர் ஆரம்பிச்சாரு பாருங்க. "இதெல்லாம் கறியா தம்பி? நாப்பது நாள்ல ரெண்டு கிலோ எப்படி வரும்? எல்லாம் ஹார்மோன் ஊசி." வரிசை மொத்தமும் தலையை ஆட்டுச்சு. ஆட்டிட்டு, எல்லாரும் ஆளுக்கு ஒரு கிலோ வாங்கிட்டுப் போனாங்க. அது வேற விஷயம் :-)

எனக்குக் கோபம் வந்தது அவர் மேல இல்ல. பக்கத்துல வாயைத் திறக்காம நின்ன என் மாமா மேல. ஏன்னா ஸ்ரீவில்லிபுத்தூர் தாண்டி மம்சாபுரம் பக்கம் 5,000 கோழிக்கு ஷெட் போட்டு வளர்க்கிற ஆளு அவரு. வண்டியில வரும்போது கேட்டேன், "ஏன் மாமா, ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?"

"என்னத்தச் சொல்ல மாப்ள. அஞ்சாயிரம் கோழிக்கும் ஊசி போட ஆளு வச்சா கூலி யாரு குடுப்பா? எனக்கே கூலி இல்ல."

இந்தப் பதிவு அந்தக் கடைசி வரிக்காகத்தான். ஆனா அதுக்கு முன்னாடி ஊசிக் கதையை முடிச்சுடுறேன்.

வளர்ச்சி ஹார்மோன்ங்கிறது ஒரு புரதம். தீவனத்துல கலந்தா வயித்துலயே செரிச்சுப் போயிடும். ஊசியா திரும்பத் திரும்பப் போட்டாத்தான் ஏதாவது நடக்க வாய்ப்பு. விக்கிறதே கிலோ நூறு சொச்சத்துக்கு விக்கிற கோழிக்கு அதைச் செய்யிறவன் திவாலாகிப் போவான். அப்புறம் எப்படி இவ்வளவு சீக்கிரம் வளருது? இனம்தான் காரணம். கனடாவில ஆல்பர்ட்டா பல்கலைக்கழகத்துல 1957, 1978, 2005 ஆகிய மூணு காலத்து இனங்களை ஒரே தீவனம் போட்டு 56 நாள் வளர்த்துப் பார்த்தாங்க. 2014-ல வெளியான முடிவு: 1957 கோழி 905 கிராம், 1978 கோழி 1,808 கிராம், 2005 கோழி 4,202 கிராம். ஐம்பது வருஷமா வேகமா வளர்றதையே பொறுக்கிப் பொறுக்கி இனம் சேர்த்ததோட விளைவு. அது கோழிக்கு நல்லதா, அதோட காலும் இதயமும் என்ன பாடு படுதுங்கிறது நியாயமான கேள்வி. ஆனா அந்தக் கேள்வியை யாரும் கேக்கிறதில்ல. இல்லாத ஊசியைத்தான் எல்லாரும் தேடுறோம்.

சரி, இப்ப ஆறரை ரூபாய்க்கு வர்றேன்.

மாமா ஒரு கம்பெனிக்கு ஒப்பந்த முறையில வளர்க்கிறாரு. எந்தக் கம்பெனின்னு கேக்காதீங்க, சொல்ல மாட்டேன். இந்த முறை தமிழ்நாட்டுக்குப் புதுசு இல்ல. உடுமலைப்பேட்டை, பல்லடம் பக்கம் 1990-கள் தொடக்கத்துல ஆரம்பிச்சு மாநிலம் முழுக்கப் பரவினது. கம்பெனி ஒரு நாள் குஞ்சு தரும், தீவனம் தரும், மருந்து தரும். இடம், ஷெட், தண்ணி, கரண்ட், உழைப்பு நம்மளோடது. 40, 45 நாள்ல லாரி வந்து பிடிச்சுட்டுப் போகும். வளர்ப்புக் கூலி கிலோவுக்கு ஆறரை ரூபாய். குஞ்சு அதிகமா செத்தாலோ, எஃப்.சி.ஆர். ஏறினாலோ (அதாவது ஒரு கிலோ எடைக்குத் தின்ன தீவனம் கூடிட்டாலோ) அதுலயும் வெட்டு.

மாமாவோட நோட்டுல இருந்து கணக்கை அப்படியே தர்றேன். பொட்டி தட்டுறவனுக்கு இதை விட்டா வேற என்ன தெரியும்?

5,000 குஞ்சு. செத்தது போக 4,750. ஒண்ணு ரெண்டு கிலோன்னா 9,500 கிலோ. கூலி 61,750 ரூபாய். கோழி எரு வித்தது 6,000. மொத்த வரவு 67,750.

செலவு: தரையில போடுற தேங்காய் மஞ்சு 8,000. குஞ்சுக்குச் சூடு குடுக்க கரி, கேஸ் 5,000. கரண்ட் 4,000. கோழி பிடிக்க, ஷெட் கழுவ ஆள் கூலி 7,000. மொத்தம் 24,000. மிச்சம் 43,750.

நல்லாத்தானே இருக்குன்னு தோணும். இருங்க. சுத்தம் பண்ணி, ஷெட்டை ஆறப்போட்டு, அடுத்த குஞ்சு வர்றதுக்குள்ள ரெண்டு மாசம் ஆயிடும். அப்ப மாசத்துக்கு 21,875. அதுல ஷெட் கடன் தவணை 13,700. மீதி 8,175 ரூபாய். வேலை பார்க்கிறது மாமாவும் அத்தையும், ரெண்டு பேரு. முதல் பத்து நாள் ராத்திரி தூக்கம் கிடையாது. மே மாசம் வெயில்ல தகரக் கூரை மேல தண்ணி அடிக்கணும். தலைக்கு ஒரு நாளைக்கு 136 ரூபாய் வருது. 2025-26-ல தமிழ்நாட்டுல நூறு நாள் வேலைக்கு அறிவிச்ச தினக்கூலி 336 ரூபாய்.

இப்ப நம்ம பக்கம் வாங்க. அன்னைக்கு நாங்க வாங்கின கறி கிலோ 230 ரூபாய். ரெண்டு கிலோ கோழியை உரிச்சா சுமாரா 1.4 கிலோ கறி தேறும். அதாவது ஒரு கோழிக்கு நாம கொடுக்கிறது 322 ரூபாய். அதுல வளர்த்தவருக்குப் போறது 13 ரூபாய். நூத்துக்கு நாலு. கறிக்கடைக்காரர் கொழுத்துட்டாருன்னும் நான் சொல்ல வரல. அவருக்கு வாடகை, வெட்டுற ஆள் கூலி, கழிவு அள்ளுற செலவு, வித்து முடியாத கோழி எல்லாம் இருக்கு. புரட்டாசி வந்தா திருவண்ணாமலை சீனிவாசப் பெருமாளுக்கு ஊரே சனிக்கிழமை மலையேறிடும், அவரு ஈ ஓட்டணும்.

கம்பெனி பக்கமும் ஒரு நியாயம் இருக்கு, அதை மறைச்சா இது பதிவில்ல, கோஷம். மக்காச்சோளம், சோயா விலை ஏறினா அடி அவங்களுக்குத்தான். 2021-ல சோயா விலை எகிறினப்ப மத்திய அரசே 12 லட்சம் டன் சோயாப் புண்ணாக்கு இறக்குமதிக்கு அனுமதி தர வேண்டி வந்தது. பல்லடத்துல பிராய்லர் ஒருங்கிணைப்புக் குழு தினமும் சொல்ற பண்ணை விலை விழுந்தாலும் மாமாவுக்கு ஆறரை ரூபாய் ஆறரை ரூபாய்தான். 2020 பிப்ரவரி, மார்ச்ல கோழி சாப்பிட்டா கொரோனா வரும்னு எவனோ கிளப்பி விட்டு விலை பாதாளத்துக்குப் போச்சே, ஞாபகம் இருக்கா? சொந்தமா வளர்த்தவங்க தெருவுக்கு வந்தாங்க. மாமா தப்பிச்சாரு.

தப்பிச்சாருதான். ஆனா அதுக்கப்புறம் கம்பெனி குஞ்சு விடல. மூணு மாசம் ஷெட் காலி. காலி ஷெட்டுக்குக் கூலி கிடையாது, தவணை மட்டும் உண்டு. அப்ப நஷ்ட அபாயம் எங்களோடதுன்னு சொல்றது பாதி உண்மைதான். விலை அபாயம் அவங்களோடது, சோத்து அபாயம் மாமாவோடது.

கூலியை ஏத்தினா கறி விலை ஏறி ஏழைங்க சாப்பிட முடியாதும்பாங்க. இதையும் கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஆறரையை அப்படியே ரெட்டிப்பாக்கி 13 ஆக்கினா, ரெண்டு கிலோ கோழிக்குக் கூடுறது 13 ரூபாய். அதை 1.4 கிலோ கறியில பிரிச்சா கிலோவுக்கு 9 ரூபாய் 30 காசு. புரட்டாசிக்கும் தீபாவளிக்கும் நடுவுல விலை ஏறி இறங்குறது இதை விட அதிகம். அப்ப யாராவது கேள்வி கேட்டோமா?

இப்ப கொஞ்சம் வெளிநாட்டுக் கதை. (ஆன்சைட் போனவன் அதைச் சொல்லாம இருந்தா பாவம்ல!) நெதர்லாந்துல ஒரு வருஷம் இருந்தேன். அங்கே எலும்பில்லாத நெஞ்சுக்கறிக்குத்தான் மவுசு, விலையும் அதிகம். காலு சீண்டுவாரில்லாம கிடக்கும். நம்ம வீட்ல மாப்பிள்ளைக்கும் கடைக்குட்டிக்கும் அடிச்சுக்கிற லெக் பீஸை நாங்க நாலு ரூம்மேட்ஸும் வருஷம் முழுக்க மலிவா தின்னு தீர்த்தோம். கறியை விட எனக்கு ஆச்சரியம் அந்தப் பாக்கெட். எந்த நாட்டுல வளர்ந்தது, எந்த நாட்டுல வெட்டினதுன்னு அதுல போட்டே ஆகணும். 2015 ஏப்ரல்ல இருந்து ஐரோப்பிய ஒன்றியம் முழுக்கச் சட்டம். இது போக, அங்கே விலங்குநலச் சங்கம் நட்சத்திரம் குடுக்குது. ஒரு நட்சத்திரம் வாங்கவே மெதுவா வளர்ற இனமா இருக்கணும், குறைஞ்சது 56 நாள் வளர்த்திருக்கணும். மக்கள் வருஷக்கணக்கா சத்தம் போட்டுப் போட்டு, 2023-க்குள்ள சூப்பர் மார்க்கெட்டுகள்ல ஃப்ரெஷ் கோழின்னா குறைஞ்சது ஒரு நட்சத்திரம்ங்கிற நிலைமைக்குக் கொண்டு வந்துட்டாங்க.

உடனே வெள்ளைக்காரன் உத்தமன்னு முடிவு கட்டாதீங்க. நட்சத்திரமில்லாத கோழியும் அங்கே வளருது, ஏற்றுமதியாகுது. நெஞ்சைத் தான் தின்னுட்டு, மிச்சத் துண்டுகளை உறைய வச்சு ஆப்பிரிக்காவுக்குத் தள்ளுறதும் ஐரோப்பாதான். இதனால தென்னாப்பிரிக்கா 2015-ல நெதர்லாந்து, ஜெர்மனி, பிரிட்டன் கோழிக்குப் பொருள்குவிப்புத் தடுப்பு வரி போட்டுச்சு. அமெரிக்காவும் அதே ரகம். பறவைக் காய்ச்சலைக் காட்டி நாம போட்ட தடையை எதிர்த்து 2012-ல உலக வர்த்தக அமைப்புக்குப் போய் 2015-ல ஜெயிச்சாங்க. கடைசியில 2023-ல சமரசம் ஆனப்ப வான்கோழிக்கும் வாத்துக்கும் வரி குறைஞ்சது, கோழிக்கால் தப்பிச்சது. கோழிக்காலுக்கு வரி 100 சதவீதம். குறைக்காதீங்க, லட்சக்கணக்கான விவசாயிகள் வாழ்க்கை போயிடும்னு தொழில் பெரியவங்க எல்லாரும் சொல்றாங்க. நானும் அதையேதான் சொல்றேன். ஆனா விவசாயி பேரைச் சொல்லி வேலி கட்டினா, வேலிக்கு உள்ள அந்த விவசாயிக்கு நூத்துக்கு நாலு ரூபாய்தானா?

இன்னொண்ணு, உயிரோட பார்த்து வெட்டி வாங்கினா அதுதான் ஃப்ரெஷ்னு நமக்கு ஒரு பெருமை. ஃப்ரெஷ்தான், ஒத்துக்கிறேன். ஆனா அந்தக் கோழிக்குக் கடைசியா எந்த மருந்து குடுத்தாங்க, குடுத்து எத்தனை நாள் ஆச்சுன்னு கண்ணால பார்த்தா தெரியுமா? 2014-ல அறிவியல் மற்றும் சுற்றுச்சூழல் மையம் டெல்லி சுற்றுவட்டாரத்துல 70 மாதிரி எடுத்துச் சோதிச்சதுல 40 சதவீதத்துல ஆன்டிபயாடிக் எச்சம் இருந்தது. மனுஷனுக்குக் கடைசி ஆயுதமா வச்சிருக்கிற கோலிஸ்டினைப் பண்ணையில பயன்படுத்தக் கூடாதுன்னு 2019 ஜூலையிலதான் மத்திய அரசு தடையே போட்டுச்சு. பயப்படணும்னா இதுக்குப் பயப்படுங்க. மாமா ஷெட்டுக்கு வர்ற மருந்தும் கம்பெனி அனுப்புறதுதான். பாட்டில்ல என்ன இருக்குன்னு அவருக்கே முழுசாத் தெரியாது.

சட்டம் இல்லையான்னா, இருக்கு. 2019-ல கால்நடையையும் சேர்த்து ஒப்பந்தப் பண்ணையத்துக்குத் தனிச் சட்டம் கொண்டு வந்த முதல் மாநிலம் நாமதான். மாமாகிட்ட கேட்டேன். "அப்படி ஒண்ணு இருக்கா?"ன்னாரு.

அதே ஸ்ரீவில்லிபுத்தூர்ல பால்கோவாவுக்குப் பால் ஊத்துறவரைப் பாருங்க. அவருக்கும் ஆயிரம் கஷ்டம் இருக்கு. ஆனா 2022 நவம்பர்ல ஆவின் பசும்பால் கொள்முதல் விலையை 3 ரூபாய் ஏத்தி 35 ஆக்கினப்ப பேப்பர்ல வந்தது, டீக்கடையில பேசினாங்க. முட்டை விலை தினமும் ரேடியோவுல வரும். கறி விலை போர்டுல தொங்கும். கோழி வளர்க்கிறவன் கூலி மட்டும் எங்கயும் வராது. தெரியாத விஷயத்துக்கு யாரு சண்டை போடுவா?

என் கோரிக்கை ரொம்பச் சின்னது. ஒண்ணு, வளர்ப்புக் கூலிக்கு அரசு ஒரு அடிமட்ட விலை வச்சு, அதைப் பால் விலை மாதிரி வெளிப்படையா அறிவிக்கணும். ரெண்டு, காலி ஷெட்டுக்கு ஒப்பந்தத்துல ஒரு தொகை எழுதணும். மூணு, கறிக்கடை போர்டுல விலைக்குக் கீழ ரெண்டு வரி: எந்த ஊர்ப் பண்ணை, மருந்து நிறுத்தி எத்தனை நாள். இதுக்கு ராக்கெட் விஞ்ஞானம் வேணாம், சாக்பீஸ் போதும்.

மாமாவுக்கு இன்னும் ரெண்டு வருஷத் தவணை பாக்கி. அது முடிஞ்சதும் ஷெட்டை மூடிடுறதா சொல்றாரு. அவரு பையன் திருப்பூர் போயிட்டான். எங்க தோட்டத்துல அப்புறம் என்ன வரும்னு தெரியல, பிளாட் போட்டு விப்பாங்களோ என்னவோ.

அடுத்த ஞாயித்துக்கிழமை வரிசையில யாராவது ஹார்மோன் ஊசின்னு ஆரம்பிச்சா, சண்டைக்குப் போகாதீங்க. "அண்ணே, வளர்த்தவருக்கு எவ்வளவு கிடைக்குது தெரியுமா?"ன்னு மட்டும் கேளுங்க.

பி.கு.: "நாட்டுக்கோழி சாப்பிட வேண்டியதுதானே"ன்னு சொல்ல வர்றவங்களுக்கு: சாப்பிடலாம்ங்க. கிலோ என்ன விலைன்னு கேட்டுட்டு வந்து சொல்லுங்க, சேர்ந்தே பேசுவோம் :-)