ஓட்டையைக் கண்டுபிடித்தால் மட்டும் போதுமா?

இணையப் பாதுகாப்புப் போட்டியில் பங்கேற்க 2018ல் சிங்கப்பூர் வந்த 23 வயதுச் சீன நாட்டவர் ஒருவர், தாம் தங்கிய ஹோட்டலின் வைஃபை கட்டமைப்புக்குள் நுழைந்தார். பணம் திருடவில்லை. ஆர்வம்தான். நுழைந்த வழியையும் நிர்வாகியின் கடவுச்சொல்லையும் வலைப்பதிவில் எழுதிவிட்டார். நீதிமன்றம் விதித்த அபராதம் 5,000 வெள்ளி.

பலதுறைத் தொழிற்கல்லூரியில் இணையப் பாதுகாப்பு படிக்கும் என்னை இந்த வழக்கு உறுத்துகிறது. அதே ஆர்வம் எனக்கும் உண்டு. சோதனைக் கருவிகளை இயக்கக் கற்ற வாரமே, புளோக்கின் கீழே உள்ள காப்பிக்கடையின் வைஃபையில் முயன்று பார்க்கக் கை பரபரத்தது. பயத்தால் விட்டுவிட்டேன், சட்டம் தெரிந்து அல்ல. இங்கே அனுமதியின்றி நுழைவதே குற்றம், எதையும் சேதப்படுத்த வேண்டியதில்லை. முதன்முறைக் குற்றத்திற்கே ஈராண்டு வரை சிறை விதிக்கலாம்.

அதற்காகக் கையால் செய்து பார்க்காமல் இத்தொழில் வராது. ‘ஜூஸ் ஷாப்’ என்பது ஓவாஸ்ப் அமைப்பு வேண்டுமென்றே ஓட்டைகளுடன் வெளியிட்டுள்ள இணையக் கடை. அதை என் மடிக்கணினியிலேயே நிறுவினேன். மின்னஞ்சல் முகவரிக்கான கட்டத்தில் ஒற்றை மேற்கோள் குறியுடன் தொடங்கும் சிறு வரியை இட்டதும், கடவுச்சொல் தெரியாமலேயே நிர்வாகியாக உள்ளே போய்விட்டேன். பயனர் எழுதியதைத் தரவுத்தளம் கட்டளையாக எடுத்துக்கொள்கிறது என்று விரிவுரையில் பலமுறை கேட்டிருந்தும், அன்றிரவுதான் புரிந்தது.

ஆனால் நுழைவது பாதி வேலைதான். 2018ல் சிங்ஹெல்த் கட்டமைப்பிலிருந்து 1.5 மில்லியன் நோயாளிகளின் விவரங்கள் களவுபோயின. அதை ஆராய்ந்த விசாரணைக் குழுவின் அறிக்கையில் ஓரிடம் என்னை நிறுத்தியது. 2017 தொடக்கத்திலேயே ஓர் ஊடுருவல் சோதனை சில பலவீனங்களைக் கண்டுபிடித்திருந்தது. அவற்றைச் சரிசெய்யும் பணிதான் ஒழுங்காக நடக்கவில்லை. சோதித்தவர் கண்டது, சரிசெய்ய வேண்டியவரின் கையில் வேலையாக மாறவில்லை.

கொடியைக் கைப்பற்றும் போட்டிகள் பெரும்பாலும் இதைக் கற்றுத் தருவதில்லை. கொடி கிடைத்தால் புள்ளி, அவ்வளவுதான். 2022 முதல் ஊடுருவல் சோதனைச் சேவை வழங்குவோர் இங்கு உரிமம் பெற வேண்டும். வாடிக்கையாளர் அவர்களிடம் காசு கொடுத்து வாங்குவதோ அறிக்கையைத்தான்.

இப்போது ஒவ்வொரு பயிற்சிக்குப் பிறகும் இரண்டு பக்கம் எழுதுகிறேன்: எங்கே ஓட்டை, யாருடைய தகவலுக்கு ஆபத்து, எதை முதலில் அடைப்பது. நண்பர்கள் கேலி செய்கிறார்கள். சென்ற வாரம் எழுதியதை விரிவுரையாளர் சிவப்பு மையில் திருப்பித் தந்தார்: “யார், எப்போதுக்குள் அடைக்க வேண்டும்? அது எங்கே?”