லாபம் கம்பெனிக்கு, நஷ்டம் கஜானாவுக்கு!

2025 பிப்ரவரி 13-ந் தேதி வாஷிங்டனில் நமது பிரதமரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு அமெரிக்க ஜனாதிபதி டிரம்ப் ஓர் அறிவிப்புச் செய்தார். எப்-35 என்ற யுத்த விமானத்தை இந்தியாவுக்கும் கொடுக்க வழி செய்யப் போவதாகச் சொன்னார். இது பற்றி முறையான பேச்சு எதுவும் நடக்கவில்லை என்று நமது சர்க்கார் அதே வருஷம் பார்லிமெண்டில் பதில் அளித்தது. நல்லது. ஆனால் கடையை விரித்தவன் அவ்வளவு லேசில் மூட்டை கட்டிக்கொண்டு போய்விட மாட்டான். ஆகவே அந்தக் கடைக்காரன் யார், அவன் வியாபாரம் எப்படி நடக்கிறது என்பதை மில்லில் ஷிப்டு பார்க்கிறவர்களும் வயலில் கூலிக்கு நிற்கிறவர்களும் தெரிந்துகொள்ள வேண்டும் என்று கருதுகிறோம். விலை கொடுக்கப் போவது யார் பணம்? நம் பணம்தானே!

கம்பெனியின் பெயர் லாக்ஹீட் மார்ட்டின். உலகத்து ஆயுதக் கம்பெனிகளில் முதலிடம் அதற்குத்தான். 2024-ல் அதன் விற்பனை சுமார் 7,100 கோடி டாலர். இந்த விற்பனையில் நூற்றுக்கு 73 பங்கு அமெரிக்க சர்க்கார் கொடுப்பது. மிச்சமும் அநேகமாக வெளிநாட்டு சர்க்கார்கள் கொடுப்பதே. அதாவது கடையில் சரக்கு வாங்குகிற தனி மனிதன் என்று அதற்கு யாரும் இல்லை. வரி கொடுக்கிற ஜனங்களின் கஜானாதான் அதன் ஒரே வாடிக்கை.

தனியார் முயற்சி, போட்டி, சந்தை என்று அமெரிக்கப் பெரிய மனிதர்கள் ஊருக்கெல்லாம் உபதேசம் செய்கிறார்கள். இந்தக் கம்பெனி விஷயத்தில் அந்த உபதேசம் என்ன ஆயிற்று என்று பார்ப்போம்.

1960-களில் லாக்ஹீட் கம்பெனி சி-5ஏ என்ற ராட்சத சரக்கு விமானத்தைக் கட்டியது. செலவு மதிப்பீட்டைத் தாண்டி 200 கோடி டாலர் கூடிப் போயிற்று. எர்னஸ்ட் பிட்ஸ்ஜெரால்டு என்ற விமானப்படை சிவில் அதிகாரி 1968-ல் இதை செனட் சபை உறுப்பினர்கள் முன்னால் போட்டு உடைத்தார். கணக்குக் கேட்ட கம்பெனிக்கு ஒன்றும் நேரவில்லை. கணக்குச் சொன்ன அதிகாரியின் வேலைதான் போயிற்று! பல வருஷங்கள் கோர்ட்டுக்கு நடந்துதான் அவர் அதைத் திரும்பப் பெற்றார்.

1971-ல் அந்தக் கம்பெனி திவாலாகும் நிலைக்கு வந்தது. டிரைஸ்டார் என்ற பயணிகள் விமானத்தில் கை சுட்டுக்கொண்டது. அப்போது யார் காப்பாற்றினார்கள்? 25 கோடி டாலர் கடனுக்கு சர்க்காரே ஜாமீன் நின்றது. செனட் சபையில் 49-க்கு 48 என்று ஒரே ஓட்டில் மசோதா தேறியது. கடன்பட்ட சம்சாரி நிலத்தை ஏலத்தில் விடுவார்கள். கடன்பட்ட ஏகபோகத்துக்குக் கஜானாவைத் திறந்து விடுவார்கள்.

அப்படிக் காப்பாற்றப்பட்ட கம்பெனி செய்தது என்ன? அதே டிரைஸ்டார் விமானத்தை ஜப்பானிய விமானக் கம்பெனியின் தலையில் கட்டுவதற்காகப் பிரதமர் தனாகாவுக்கு 50 கோடி யென் லஞ்சம் போயிற்று. 1976-ல் விஷயம் அம்பலமாகித் தனாகா கைதானார்; 1983-ல் நான்கு வருஷத் தண்டனை. ஹாலந்து ராணியின் புருஷர் பெர்ன்ஹார்டு பேரிலும், இத்தாலி மந்திரிகள் பேரிலும் இதே நாற்றம். அந்நிய நாட்டு அதிகாரிகளுக்கு லஞ்சம் கொடுப்பது குற்றம் என்று 1977-ல் அமெரிக்கா தனியாக ஒரு சட்டமே போட வேண்டி வந்தது.

பழைய கதை என்று சொல்வார்கள். சரி, புதிய கதைக்கு வருவோம்.

சோவியத் யூனியன் இல்லாமற் போன பிறகு யுத்தச் செலவு குறையும், அந்தப் பணம் பள்ளிக்கும் ஆஸ்பத்திரிக்கும் வரும் என்று அமெரிக்க ஜனங்கள் எதிர்பார்த்தார்கள். 1993-ல் ராணுவ இலாகாவினர் ஆயுத முதலாளிகளை விருந்துக்குக் கூப்பிட்டு, இத்தனை பேருக்கு இனி இடமில்லை, ஒன்று சேருங்கள் என்றார்கள். 1995-ல் லாக்ஹீடும் மார்ட்டின் மரியெட்டாவும் சேர்ந்து இன்றைய கம்பெனி ஆயின. சேரும்போது ஆலைகள் மூடப்பட்டன, ஆட்குறைப்பு நடந்தது. அந்த ஏற்பாட்டுச் செலவில் ஒரு பங்கைக்கூட சர்க்காரே கொடுத்தது. கரும்பு தின்னக் கூலி என்பார்களே, இதுதான்.

எப்-35 விமானத்தின் காண்டிராக்ட் 2001-ல் கிடைத்தது. விமானத்தை உருவாக்கும் வேலைக்கு ஏற்பாடு என்ன தெரியுமா? செலவு ஆனதைக் கொடுத்து, அதற்கு மேல் லாபமும் கொடுப்பது. நமது ஊர்க் கண்மாய் மராமத்தை இப்படி விட்டால் எந்தக் காண்டிராக்டர் சீக்கிரம் வேலையை முடிப்பான்? இந்த விமானங்களைக் கடைசி வரை பராமரிக்க 1 லட்சத்து 10 ஆயிரம் கோடி டாலர் ஆகும் என்று 2018-ல் மதிப்பிட்டார்கள். 2023-ல் அது 1 லட்சத்து 58 ஆயிரம் கோடி ஆயிற்று. இவ்வளவு கொட்டியும் 2023 மார்ச்சில் நூற்றுக்கு 55 விமானமே வேலைக்குத் தயாராக இருந்தது என்கிறது அவர்களுடைய தணிக்கை அலுவலகம். நிறுத்தலாமே என்றால் முடியாது. உதிரிப் பாகங்கள் செய்யும் வேலை 45-க்கு மேற்பட்ட ராஜ்யங்களில் பரப்பி வைக்கப்பட்டிருக்கிறது. எந்த மெம்பர் எதிர்த்து ஓட்டுப் போடுவார்?

லாபம் எங்கே போகிறது? 2023-ல் பங்குதாரர்களுக்கு டிவிடெண்டு 310 கோடி டாலர். தன் பங்குகளைத் தானே வாங்கி மிச்சப் பங்குகளின் மதிப்பை ஏற்றுவதற்கு இன்னும் 600 கோடி. சொந்தச் செலவில் ஆராய்ச்சிக்குப் போட்டது 150 கோடி.

அந்த விமானத்தைப் பூட்டுகிற தொழிலாளிக்கு? டெக்சாஸ் ராஜ்யத்தில் போர்ட்வொர்த் ஆலையில் 2012-ல் சுமார் 3,600 பேர் பத்து வாரம் வேலைநிறுத்தம் செய்தார்கள். புதிதாகச் சேருகிறவர்களுக்குப் பழைய பென்ஷன் கிடையாது என்று நிர்வாகம் சொன்னதே காரணம். எவ்வளவோ தாக்குப் பிடித்தும் அந்த ஷரத்தை ஏற்க வேண்டி வந்தது. ஒரே பெஞ்சில் பக்கத்தில் பக்கத்தில் நிற்கிறார்கள். ஒருவருக்குப் பென்ஷன் உண்டு, ஒருவருக்கு இல்லை. 2025 மே தினத்தன்று ஆர்லாண்டோவிலும் டென்வரிலும் சுமார் 900 பேர் மறுபடி வெளியே வந்தார்கள்.

சரக்கு எங்கே போகிறது என்பதையும் சொல்ல வேண்டும். 2018 ஆகஸ்டு 9-ந் தேதி ஏமன் நாட்டில் சாதா பகுதியில், உல்லாசப் பயணம் போன பிள்ளைகளின் பஸ் மீது சவூதி கூட்டணி விமானம் குண்டு போட்டது. 40 பிள்ளைகள் மாண்டார்கள். சிதறிக் கிடந்த துண்டுகளில் இருந்த எண்களை வைத்து அது லாக்ஹீட் மார்ட்டின் செய்த குண்டு என்று அமெரிக்கப் பத்திரிகைக்காரர்களே வெளியிட்டார்கள்.

இங்கே ஒரு கேள்வி வரும். நம் தோழர்களே கேட்பார்கள். அந்த ஆலையை மூடினால் லட்சத்துக்கு மேற்பட்ட குடும்பங்கள் தெருவுக்கு வருமே, அவர்களும் தொழிலாளிகள்தானே? நியாயமான கேள்வி. முதலாளி பிடித்துக்கொண்டு நிற்கிற கேடயமும் அதுதான். குண்டு செய்கிற கை நம் எதிரி அல்ல. அந்தக் கைக்கு வேறு வேலை கொடுக்க மறுக்கிறவன்தான் எதிரி.

இங்கிலாந்தில் லூகாஸ் ஏரோஸ்பேஸ் என்ற கம்பெனி இருந்தது. அதன் வியாபாரத்திலும் பெரும் பங்கு ராணுவ விமானம்தான். ஆட்குறைப்பு வருகிறது என்று தெரிந்ததும் பல ஆலைகளின் ஷாப் ஸ்டூவர்டுகள் கூடினார்கள். ராணுவ ஆர்டர் கொடு என்று அவர்கள் கெஞ்சவில்லை. இதே இயந்திரங்களையும் இதே கைத்திறனையும் வைத்து ஜனங்களுக்கு உபயோகமான எதைச் செய்யலாம் என்று தொழிலாளிகளையே கேட்டு, 1976-ல் சுமார் 150 சாமான்களின் பட்டியல் தயாரித்தார்கள். சிறுநீரகம் கெட்டவர்களுக்கான இயந்திரம், ஊனமுற்ற குழந்தைகளுக்கு வண்டி, சாலையிலும் தண்டவாளத்திலும் ஓடும் வாகனம், பெட்ரோலும் மின்சாரமும் சேர்ந்து இழுக்கும் எஞ்சின் எல்லாம் அதில் உண்டு. என்ன செய்வது என்று முடிவு செய்வது எங்கள் உரிமை என்று சொல்லி நிர்வாகம் அதைத் தள்ளிவிட்டது. முன்னணியில் நின்ற மைக் கூலியை 1981-ல் வேலையை விட்டும் நீக்கியது.

அவர்கள் எழுதிக் கொடுத்த அந்த எஞ்சினை வேறு கம்பெனிகள் பின்னால் செய்து விற்றன. பெட்ரோலும் மின்சாரமும் சேர்ந்து இழுக்கும் கார்கள் இன்று நம் ஊர் ரோட்டிலும் ஓடுகின்றன.