கிரேட் நிக்கோபார் திட்டம்: ஹரியாணாவில் வளராத மரப்பெரணி

கொச்சி: கிரேட் நிக்கோபார் பெருந்திட்டம் குறித்த விவாதங்களில் கலாத்தியா விரிகுடாவின் ஆமைகளும் மெகாபோட் பறவைகளும் அடிக்கடி இடம்பெறுகின்றன. அதே தீவின் காட்டு நிழலில் வளரும் ஓர் அரிய மரப்பெரணியைப் பற்றிப் பேசுவோர் மிகக் குறைவு.

சயாத்தியா அல்போசெட்டேசியா என்பது அதன் அறிவியல் பெயர். 19-ஆம் நூற்றாண்டில் மதராஸ் மாகாண வனத்துறை அதிகாரியாக இருந்த ரிச்சர்ட் ஹென்றி பெடோம் இதனை முதலில் விவரித்தார். நிக்கோபார் தீவுக்கூட்டத்திற்கே உரிய இனம் இது. கிரேட் நிக்கோபார் உயிர்க்கோளக் காப்பகத்தின் குறிப்பிடத்தக்க தாவரங்களுள் ஒன்றாக எண்ணப்படுகிறது.

சரக்குப் பெட்டக மாற்று முனையம், விமான நிலையம், மின் நிலையம், புதிய நகரம் ஆகியவை அடங்கிய இத்திட்டத்துக்கு 2022 நவம்பரில் சுற்றுச்சூழல் அனுமதி வழங்கப்பட்டது. 130.75 சதுர கிலோமீட்டர் வனநிலம் இதற்காகப் பயன்படுத்தப்பட உள்ளது. சுமார் 9.64 லட்சம் மரங்கள் வெட்டப்படலாம் என 2023-இல் நாடாளுமன்றத்தில் மத்திய அரசு தெரிவித்தது. ஈடாகக் காடு வளர்க்கத் தேர்வான மாநிலம் ஹரியாணா.

சிக்கல் இங்குதான் எழுகிறது. மரப்பெரணி பெயரில்தான் மரம். அதற்கு மரக்கட்டையும் இல்லை, பூவும் விதையும் இல்லை. இலையின் அடியில் தோன்றும் நுண்ணிய வித்துகள் ஈரமண்ணில் விழுந்து, விரல்நகத்தைவிடச் சிறிய பச்சை உடலமாக முளைக்கின்றன. அதன்மேல் மெல்லிய நீர்ப்படலம் இருந்தால்தான் கருவுறுதல் நடைபெறும். அருகிலுள்ள பெருமரங்கள் வீழ்ந்தால் வெயிலும் காற்றும் புகுந்து அந்த ஈரத்தைக் குடித்துவிடும். ஹரியாணாவின் வறண்ட நிலத்தில் எத்தனை லட்சம் கன்றுகள் நட்டாலும் இந்தச் சூழலை உருவாக்க இயலாது. சயாத்தியா இனங்களின் பன்னாட்டு வணிகத்தை சைட்டிஸ் உடன்படிக்கை கட்டுப்படுத்துகிறது. எனினும் வாழிடம் அழிவதை அது தடுப்பதில்லை.

துறைமுகத்துக்கு அரசு கூறும் காரணத்தைப் புறந்தள்ள முடியாது. இந்தியச் சரக்குப் பெட்டகங்கள் கொழும்பு, சிங்கப்பூர் போன்ற வெளிநாட்டுத் துறைமுகங்களில் கப்பல் மாறுகின்றன என்பதே 2011-இல் கொச்சி வல்லார்பாடம் முனையம் திறக்கப்பட்டபோதும் கூறப்பட்ட காரணம். விழிஞ்ஞமும் அதே நோக்கில் இயங்குகிறது. ஆனால் முனையத்தை வேறு கடற்கரையிலும் அமைக்கலாம். மரப்பெரணிக்கு அந்த வாய்ப்பு இல்லை.

தென் அட்லாண்டிக்கின் அசென்ஷன் தீவில் நிகழ்ந்தது கவனிக்கத்தக்கது. அங்கு மட்டுமே வளரும் சிறு பெரணி ஒன்று 2003-இல் அற்றுப்போனதாக அறிவிக்கப்பட்டது. 2009-இல் மலைச்சரிவு ஒன்றில் நான்கு செடிகள் தென்பட்டன. வித்துகள் லண்டன் கியூ தாவரவியல் பூங்காவுக்கு விமானத்தில் அனுப்பப்பட்டு, ஆய்வகத்தில் புதிய செடிகள் உருவாயின.

இத்திறன் இந்தியாவிலும் உண்டு. மேற்குத் தொடர்ச்சி மலையின் அரிய பெரணிகளைப் பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரி ஆய்வாளர்கள் ஆய்வகத்தில் வளர்த்துள்ளனர். ஆயினும் வித்துகளை உயிருள்ள இலைகளிலிருந்தே சேகரிக்க முடியும். அப்பணி மரம் வெட்டுவதற்கு முன்பே முடிந்தாக வேண்டும்.