மலை மறைத்ததும் மனுசன் மறித்ததும்

ஆடிக்காத்து புழுதியை வாரி இறைக்கும்போதெல்லாம் பாளையம்பட்டியில் யாராவது கேப்பாங்க: "நமக்கு மட்டும் ஏன் மழை இல்ல?" பள்ளிக்கூடத்துல படிச்ச பதில் தயாரா இருக்கு. மழை மறைவுப் பிரதேசம்.

அது பொய்யில்லை. நமக்கு மேற்கே ஏலமலை, பந்தளமலை. பெரியாறு காப்பகத்தின் நடுப்பகுதி 1982இல் தேசியப் பூங்காவானது அங்கேதான். அரபிக்கடலின் ஈரத்தைச் சுமந்து வரும் தென்மேற்குப் பருவக்காற்று இந்த மலைச்சுவரில் மோதி மேலேறுகிறது, குளிர்ந்து கொட்டித் தீர்க்கிறது. அங்கே ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டருக்கும் மேல். கிழக்கே நமக்கு இறங்கி வருவது வெறுங்காத்து. ஐப்பசி, கார்த்திகை மழையை நம்பித்தான் கரிசல்காடு கிடக்குது. விருதுநகர் மாவட்டத்துக்கு வருசத்துக்குச் சுமார் 800 மில்லிமீட்டர்.

ஆனால் எல்லாப் பழியையும் மலைமேல் போட முடியாது. அதே மலையைக் குடைந்துதான் மேற்கே ஓடிய பெரியாற்றுத் தண்ணியை 1895இல் வைகைப் பக்கம் திருப்பினார்கள். மனுசன் நினைச்சா மலையும் வழிவிடும். திருப்பிய தண்ணி நிலம் உள்ளவன் வயலுக்குத்தான் பாயும். நிலம் யார் கையில இருக்குன்னு கேட்டா சாதி தெரிஞ்சுபோகும்.

கண்மாய் நிறைஞ்ச வருசத்திலும் எங்க அப்பத்தா தன் ஊர்க் கிணத்துல வாளி விட்டதில்லை. குடத்தைக் கீழ வச்சுட்டு, யாராவது எட்ட நின்னு ஊத்துவாங்களான்னு காத்துக் கிடக்கும். அந்தத் தாகத்துக்கு எந்த மலை காரணம்?

இதே மேற்குத்தொடர்ச்சி மலையின் வடக்கே, மழை கொட்டுகிற பக்கத்து அடிவாரத்தில் இருக்கிறது மஹாட். அங்கே மழைக்குப் பஞ்சமே கிடையாது. ஆனாலும் சவுதார் குளத்தில் ஒரு கை தண்ணி அள்ள, 1927 மார்ச் 20இல் அம்பேத்கர் தலைமையில் ஆயிரக்கணக்கான பேர் நடந்து போக வேண்டியிருந்தது. அள்ளிக் குடித்ததற்கு அடி விழுந்தது. குளம் எல்லோருக்கும் பொது என்று பம்பாய் உயர்நீதிமன்றம் சொல்ல 1937 ஆச்சு.

மழை மறைவுப் பக்கத்திலும் தாகம், மழைப் பக்கத்திலும் தாகம். அப்படியானால் வறட்சி வேறு, தாகம் வேறு. வறட்சியை மலை தருது. தாகத்தைச் சாதி தருது. பாடப்புத்தகம் முதலாவதைச் சொல்லிவிட்டு இரண்டாவதை மறைக்குது.

புவியியல் படிக்கிற தோழர்களே, உங்க ஊர் வரைபடத்தை நீங்களே போடுங்க. கண்மாய், மடை, கிணறு, தண்ணித்தொட்டி எல்லாத்தையும் குறிங்க. ஒவ்வொன்றும் எந்தத் தெருவுல இருக்கு, திறக்கிற சாவி யார்கிட்ட இருக்குன்னு எழுதுங்க. அந்த வரைபடத்தைக் கிராமசபையில் விரிச்சு வச்சுப் பேசுங்க.