கல்லானது யார்?

சேலம் மாடர்ன் தியேட்டர்ஸார் முதன்முதல் எடுத்த படம் 1937-இல் வந்த "சதி அகல்யா" ஆகும். வேஷம் மாறி வந்து ஏமாற்றியவன் இந்திரன்; கல்லாகப் போனவள் அகல்யா. இந்திரனுடைய பதவிக்கோ ஒரு குறைவும் வரவில்லை. இந்த யோக்கியதையுள்ள கதையைத்தான் நம் மக்கள் காசு கொடுத்துப் பார்த்தார்கள். அதே கம்பெனி 1950-இல் "மந்திரி குமாரி"யையும் கொடுத்தது என்பதை நாம் மறைக்கவில்லை. இன்று ஏற்காடு ரோட்டில் அதன் வளைவு வாசல் மாத்திரமே மிச்சம்.

இப்போது தோழர் லீனா மணிமேகலை அம்மையாரின் "மாடத்தி" (2019) என்னும் படத்தைப் பற்றிச் சொல்ல வேண்டியிருக்கிறது. கண்ணில் பட்டாலே தீட்டு என்று ஒதுக்கப்பட்ட புதிரை வண்ணார் வீட்டுப் பெண்ணொருத்தியை ஊர் ஆண்கள் கெடுக்கிறார்கள். அவள் செத்த பிறகு அதே ஊருக்குத் தெய்வமாகிறாள். உயிரோடு இருந்தவரை தெருவில் நடக்கக் கூடாதவள், கல்லான பின் கும்பிடத்தக்கவளாம்! அகல்யா கதைக்கும் இதற்கும் உள்ள வித்தியாசமெல்லாம், அதில் சாபத்தை நியாயமென்கிறார்கள், இதில் குற்றவாளி யாரென்று கேட்கிறார்கள் என்பதுதான்.

இந்த அம்மையாருக்குப் பின்னால் முதலாளி யாருமில்லை. "மாடத்தி"யே பொதுமக்களிடம் பணம் திரட்டி எடுத்தது. 2002-இல், பெண் குழந்தைகளைச் சாமிக்கு நேர்ந்துவிடும் கொடுமையைப் பற்றி "மாத்தம்மா" என்ற உண்மைப் படம் எடுத்தார். பின்னர் எடுத்த "செங்கடல்" படத்தில் தனுஷ்கோடி மீனவர்களும் அகதிகளுமே நடித்தார்கள். எது நடந்தது, எது நடித்தது என்று அதில் பிரிப்பது கஷ்டம். 2011-இல் தணிக்கைக் குழுவார் அதற்கு அனுமதி மறுத்தார்கள். அதே வருஷம் மேல்முறையீட்டு மன்றம் ஒரு வெட்டுமின்றி அனுமதித்தது. அந்த மன்றத்தையும் 2021-இல் சர்க்கார் எடுத்துவிட்டார்கள். இனி ஹைக்கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். கோடி போட்டுப் படமெடுப்பவன் போவான். கடன் வாங்கி எடுப்பவர் எப்படிப் போவார் என்று கேட்கின்றோம்.

"மாடத்தி" 2021-இல் இணைய வழியாகத்தான் வெளிவந்தது. ஆகவே கொட்டகைக்காரர்களை எதிர்பார்த்துப் பயனில்லை. ராசிபுரம், திருச்செங்கோடு, ஆத்தூர் பக்கத்துத் தோழர்கள் ஆடிப் பண்டிகைக்கு ஒலிபெருக்கிக்கும் வாணவேடிக்கைக்கும் கொட்டும் பணத்தில் ஒரு பங்கை ஒதுக்கி, எடுத்தவரிடம் அனுமதி பெற்று, ஊர் நடுவில் வெள்ளைத் துணி கட்டி இப்படத்தைக் காட்ட வேண்டுமாய்க் கேட்டுக் கொள்ளுகிறோம். நம் பக்கத்திலும் காட்டோரங்களில் வீரமாத்தியும் கன்னிமாரும் கல்லாக நிற்கிறார்கள். படம் முடிந்ததும் ஊர்ப் பெரியவர்களை உட்கார வைத்து, "நம்ம ஊர்ச் சாமி யார் வீட்டுப் பெண்? எப்படிச் செத்தாள்?" என்று கேளுங்கள்.